தப்புக்குத் தப்பு டாலி!

இடது கண்ணில் காடராக்ட். பஸ் போர்டு தெரியவில்லை. ஸ்ரீரங்கம் என்று நினைத்து ஒரு நாள் சமயபுரம் பஸ்ஸில் ஏறிவிட்டேன். 'சரி, அம்மன் கூப்பிட்டிருக்கிறாள்' என்று கும்பிட்டுவிட்டு மத்தியானம் இரண்டு மணிக்கு வீடு திரும்பினால், வாசலில் சகதர்மிணி.

"அரைக் கிலோ கத்தரிக்காய் வாங்கப் போன மனுஷன் நெத்தி நிறையக் குங்குமத்தோட வர்றீங்களே, உங்களுக்கே இது நல்லா இருக்கா?"

மறுநாளே கண் ஆஸ்பத்திரி. இது நடந்தது 2022 ஆகஸ்டில், திருச்சியில்.

கண் ஆபரேஷனுக்கு முன்னால் சுகர், பிரஷர், நாடி எல்லாம் பார்ப்பார்கள். என் மணிக்கட்டைப் பிடித்த நர்ஸம்மா கடிகாரத்தைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். மறுபடி கடிகாரத்தைப் பார்த்தார்.

"சார், மயக்கம் கியக்கம் வருதா?"

"வரலையே."

"38 தான் சார் இருக்கு."

எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. 61 வயசுக்காரனைப் பார்த்து 38 என்றால் யாருக்குத்தான் கசக்கும்? "பார்த்தா அப்படியா தெரியுது?" என்று தலைமயிரைக் கோதிக்கொண்டேன்.

"நாடி சார், நாடி!"

அடுத்த ஒரு மணி நேரத்தில், கண்ணுக்கு வைத்தியம் பார்க்க வந்தவன் ஓர் இதய ஆஸ்பத்திரியின் ஐ.சி.யூ.வில் மல்லாக்கப் படுத்திருந்தேன். சட்டையைக் கழற்றி, நெஞ்சில் அங்கங்கே ஒயரை ஒட்டி, தலைமாட்டில் ஒரு பெட்டியை வைத்து அதில் என் இதயத்தைச் சினிமாவாக ஓட்டிக்கொண்டிருந்தார்கள். ஸ்லோமோஷன் சினிமா. மேலறைக்கும் கீழறைக்கும் நடுவே போகிற கரண்ட் அறுந்துவிட்டதாம். 'கம்ப்ளீட் ஹார்ட் ப்ளாக்' என்றார் டாக்டர். மேலே இருக்கிற ஆபீசர் என்ன உத்தரவு போட்டாலும் கீழே இருப்பவர் தன் பாட்டுக்குத் தன் வேகத்தில் வேலை செய்கிறார் என்று அர்த்தம். 38 வருஷம் வங்கியில் இருந்தவன் நான். எனக்கு இதை ரொம்ப விளக்க வேண்டியிருக்கவில்லை.

"பழைய ஹார்ட் பேஷண்ட்தானே? ஃபைல் இருக்கா?" என்றார் டாக்டர்.

இருந்தது. சகதர்மிணி அதைக் கல்யாணப் பத்திரிகை மாதிரி மஞ்சள் பையில் போட்டு எங்கே போனாலும் கூடவே எடுத்து வருவாள்.

அந்த ஃபைலின் கதையைச் சொல்லிவிடுகிறேன். எனக்கு ஹார்ட் அட்டாக் வந்தது எனக்கே தெரியாது. 2013-ல் ஆபீசில் எல்லோருக்கும் உடம்பு பரிசோதனை என்று கூட்டிக்கொண்டு போனார்கள். ஈ.சி.ஜி. எடுத்த டாக்டர், ஊரிலிருந்து எப்போது வந்தீர்கள் என்று விசாரிக்கிற தோரணையில், "அட்டாக் எப்போ வந்தது?" என்றார்.

"எந்த அட்டாக்?"

"உங்களுக்குத் தெரியாமலே வந்து போயிருக்கு. சில பேருக்கு அப்படித்தான். வலியே இருக்காது."

எக்கோ எடுத்தார்கள். 'இடது கீழறை லேசாகப் பெருத்திருக்கிறது, பம்ப் சற்றுப் பலவீனம், பழைய அட்டாக்குக்குப் பொருந்துகிறது' என்று எழுதினார்கள். ஆஞ்சியோகிராம் எடுத்தார்கள். அதில் ஒரு அடைப்பும் இல்லை. குழாய்களெல்லாம் புதுசாய்த் தேய்த்த பித்தளைச் செம்பு மாதிரி சுத்தம். அடைப்பு இல்லாமல் எப்படி அட்டாக் என்று கேட்டதற்கு, "கட்டி தானாக் கரைஞ்சிருக்கும்" என்றார் டாக்டர். அப்படியும் நடப்பது உண்டுதான். அதனால் நான் மேற்கொண்டு கேட்கவில்லை.

அன்றிலிருந்து நான் ஹார்ட் பேஷண்ட். 52 வயது. பிரமோஷன் வந்தது, வட இந்தியாவில் போஸ்டிங். வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தேன். மலைக்கோட்டைப் படியேறுவது நின்றது. பிள்ளையாரை ரோட்டிலிருந்தே அண்ணாந்து பார்த்துக் கும்பிட்டுக்கொண்டேன். பேத்தி 'தாத்தா தூக்கு' என்றால் உட்கார்ந்து மடியில் வைத்துக்கொள்வதோடு சரி. வடை போச்சு, அப்பளம் போச்சு. நாலு வகை மாத்திரை. அதில் ஒன்று நாடியைக் குறைப்பதற்கு.

இதையெல்லாம்கூடத் தாங்கிக்கொள்ளலாம். ராத்திரி இரண்டு மணி, மூன்று மணிக்குச் சகதர்மிணி எழுந்து என் மூக்குக்கு நேராகப் புறங்கையை வைத்துப் பார்ப்பாள். மூச்சு படுகிறதா என்று. படும். அப்புறம்தான் படுப்பாள். நான் விழித்துக்கொண்டுதான் இருப்பேன். தூங்குகிற மாதிரி கண்ணை மூடிக்கொண்டிருப்பேன். ஒன்பது வருஷம் அவள் பார்த்தாள், நான் நடித்தேன். இரண்டு பேரும் இதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை.

இதுதான் அந்த மஞ்சள் பைக் கதை.

ஐ.சி.யூ.வில் முதல் காரியமாக நாடி குறைக்கும் மாத்திரையை நிறுத்தினார்கள். இரண்டு நாள் பார்த்தார்கள். நாடி 38-லிருந்து 41-க்கு ஏறி, அங்கேயே உட்கார்ந்துகொண்டது. பேஸ்மேக்கர் வைத்துவிடலாம், வெள்ளிக்கிழமை காலை என்று முடிவாயிற்று. "அதுக்கு முன்னாடி சும்மா ஒரு எக்கோ எடுத்துடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார் பெரிய டாக்டர்.

சும்மா!

எக்கோ எடுக்க வந்தது ஒரு சின்னப் பெண். என் மகளைவிடச் சின்னவள். ஒருக்களித்துப் படுக்கச் சொல்லி, நெஞ்சில் ஜில்லென்று பசையைத் தடவி, கையிலிருந்த உருண்டையை வைத்து அழுத்தினாள். எக்கோ என்றால் ஒன்றுமில்லை, எதிரொலிதான். காதுக்குக் கேட்காத சத்தத்தை உள்ளே அனுப்பி, அது மோதித் திரும்புவதைப் படமாக்குவது. ஸ்வீடனில் லுண்ட் நகரத்தில் எட்லர் என்கிற டாக்டரும் ஹெர்ட்ஸ் என்கிற விஞ்ஞானியும் 1953-ல் ஆரம்பித்து வைத்தது. கப்பல் கட்டுகிற இடத்தில் இரும்பில் விரிசல் இருக்கிறதா என்று பார்க்க வைத்திருந்த கருவியை மனுஷ இதயத்தின் மேல் வைத்துப் பார்த்தால் என்ன என்று தோன்றியிருக்கிறது அவர்களுக்கு. (ஆஸ்பத்திரிக் கட்டிலில் பொழுது போகாமல் மாப்பிள்ளையை நச்சரித்துத் தெரிந்துகொண்ட விஷயம் இது. மாப்பிள்ளை கம்ப்யூட்டர் ஆசாமி.)

பத்து நிமிஷத்தில் முடிகிற சமாசாரம் என்று சொல்லியிருந்தார்கள். இருபது நிமிஷமாயிற்று. அந்தப் பெண் பேச்சை நிறுத்திவிட்டாள். உருண்டையை நெஞ்சின் நடுவில் வைத்தாள், கழுத்துக் குழியில் வைத்தாள், விலாவுக்குக் கீழே வைத்து அழுத்தினாள். பஸ்ஸில் தொலைத்த கம்மலைத் தேடுகிறவள் மாதிரி திரையை உற்று உற்றுப் பார்த்தாள். ஆஸ்பத்திரியில் பேசுகிறவர்களைக் கண்டு பயம் இல்லை. பேசிக்கொண்டிருந்தவர் திடீரென்று மௌனமானால்தான் வயிற்றைக் கலக்கும்.

"சார், சின்ன வயசுல உங்களுக்கு ஹார்ட்ல ஏதாவது இருக்குன்னு சொல்லியிருக்காங்களா?"

"2013-ல அட்டாக் வந்ததும்மா."

"அது இல்ல சார். சின்ன வயசுல. பள்ளிக்கூடம் படிக்கிறப்ப."

யோசித்தேன். டாக்டர் யாரும் சொல்லவில்லை. டிரில் மாஸ்டர்தான் சொல்லியிருக்கிறார். நாலு சுற்று ஓடச் சொன்னால் இரண்டாவது சுற்றில் புங்கமரத்தடியில் உட்கார்ந்துவிடுவேன். 'எருமைமாடு கூட உன்னைவிட வேகமா ஓடும்டா' என்பார். வீட்டில் எனக்குப் பட்டப்பெயரே சோம்பேறி. அதை அவளிடம் சொல்லவில்லை. மானப் பிரச்னை.

அவள் போய்ப் பெரிய டாக்டரைக் கூட்டிக்கொண்டு வந்தாள். அவர் நின்றபடியே திரையைப் பார்த்தார். "பழைய அட்டாக்தானேம்மா? ரிப்போர்ட்லயே போட்டிருக்கே."

"ஆமா சார். ஆனா அந்த வால்வு உட்கார்ந்திருக்கிற இடத்தை ஒரே ஒரு தடவை பாருங்க சார்."

இந்த இடத்தில் அவர், 'எனக்குச் சொல்லித் தர்றியா?' என்று கேட்டிருக்கலாம். எங்கள் வங்கியில் சில பேர் கேட்டிருப்பார்கள். அவர் கேட்கவில்லை. ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். உருண்டையைத் தானே வாங்கிக்கொண்டார். ஐந்து நிமிஷம் கழித்து, "அட!" என்றார்.

ஆஸ்பத்திரியில் நான் கேட்ட முதல் 'அட' அதுதான்.

பிறகு என்னைப் பார்த்து நிதானமாக ஒரு பெயர் சொன்னார். நீளமான இங்கிலீஷ் பெயர். அதில் எனக்கு இரண்டு வார்த்தை பிடிபட்டது. 'கரெக்டட் ட்ரான்ஸ்பொசிஷன்.'

"ட்ரான்ஸ்பொசிஷனா? வித்தியாசம் ஒன்பதால வகுபடுதா டாக்டர்?" என்றேன்.

சகதர்மிணி வாயைப் பொத்திக்கொண்டாள். நோய் மூளைக்கு ஏறிவிட்டது என்று நினைத்திருப்பாள். அவள் மேல் தப்பில்லை. லெட்ஜர் எழுதியவர்களுக்குத்தான் அது புரியும். 54 என்று எழுத வேண்டியதை 45 என்று இடம் மாற்றி எழுதிவிட்டால் அதற்குப் பெயர் ட்ரான்ஸ்பொசிஷன். டிரையல் பேலன்ஸ் டாலி ஆகவில்லை என்றால் முதலில் வித்தியாசத்தை ஒன்பதால் வகுத்துப் பார்ப்போம். மீதியில்லாமல் வகுபட்டால், எவனோ எங்கேயோ எண்ணை மாற்றிப் போட்டிருக்கிறான் என்று சந்தேகப்பட்டுத் தேடுவோம். நான் 1983-ல் கிளார்க்காகச் சேர்ந்தபோது எல்லாம் கையால்தான். அரையாண்டுக் கணக்கு முடிக்கிற ராத்திரிகளில் ஒன்பதாம் வாய்ப்பாடுதான் எங்களுக்கு சகஸ்ரநாமம்.

ஆனால் அதைவிட விஷமமான ஒன்று உண்டு. ஓரிடத்தில் ஒரு தப்பு, இன்னோரிடத்தில் அதே தொகைக்கு எதிர்ப்பக்கமாக இன்னொரு தப்பு. இரண்டும் ஒன்றையொன்று அடித்துவிடும். கணக்கு சுத்தமாக டாலி ஆகும். ஆபீசர் கையெழுத்துப் போடுவார். எல்லோரும் டீ குடித்துவிட்டு வீட்டுக்குப் போவார்கள். மாசக்கணக்கில் ஒருவருக்கும் தெரியாது. 1986-ல் எங்கள் கிளையில் நடந்தது. கண்டுபிடித்தது ஆடிட்டர் இல்லை. பாஸ் புக்கை எடுத்துக்கொண்டு வந்த ஒரு பால்காரர்.

டாக்டர் பேப்பரில் படம் போட்டுக் காட்டியதும் எனக்குப் புரிந்துவிட்டது. என் இதயம் டாலி ஆன தப்பு!

உங்களுக்கும் சொல்கிறேன். இதயத்தில் இரண்டு கவுண்ட்டர். வலது பக்கக் கவுண்ட்டருக்கு உடம்பெல்லாம் சுற்றிவிட்டுக் களைத்துப்போன ரத்தம் வரும். அதை நுரையீரலுக்கு அனுப்ப வேண்டும். நுரையீரல் பக்கத்து வீடு, மெல்லத் தள்ளினால் போதும். அதனால் அங்கே இருக்கிற வலது கீழறை ஒரு சாதுவான ஆசாமி; சுவர் மெல்லிசு. இடது பக்கக் கவுண்ட்டருக்குப் புது ரத்தம் வரும். அதை உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால் வரைக்கும் அனுப்ப வேண்டும். அதனால் இடது கீழறை பயில்வான். பிரஷர் 120 என்கிறோமே, அது இந்தப் பயில்வான் தள்ளுகிற வேகம். அந்தச் சாதுவுக்கு 25 போதும்.

எனக்குப் பிறப்பிலேயே சாதுவும் பயில்வானும் நாற்காலி மாறி உட்கார்ந்துவிட்டார்கள். இடது பக்கம் சாது, வலது பக்கம் பயில்வான். இதோடு நின்றிருந்தால் கதை கந்தல். ஆனால் இதயத்திலிருந்து வெளியே போகிற இரண்டு பெரிய குழாய்களும் இடம் மாறியிருந்தன. விளைவு? களைத்த ரத்தம் எப்படியோ நுரையீரலுக்கே போகிறது. புது ரத்தம் எப்படியோ உடம்புக்கே போகிறது. தப்புக்குத் தப்பு டாலி. குழாய் மட்டும் மாறி, அறை மாறாமல் இருந்தால் குழந்தை நீலம் பாரித்துப் பிறக்கும். உடனே கவனித்து, சில வாரங்களுக்குள் ஆபரேஷன் பண்ணியாக வேண்டும். அதாவது, என்னுடைய முதல் தப்பிலிருந்து என்னைக் காப்பாற்றியது என்னுடைய இரண்டாவது தப்பு.

வியன்னாவில் ரோகிடான்ஸ்கி என்கிற டாக்டர் 1875-லேயே இதை எழுதி வைத்துவிட்டார். அவர் பிணங்களை அறுத்துப் பார்த்துக் கண்டுபிடித்தவர். என்னை உயிரோடு இருக்கும்போதே கண்டுபிடித்ததற்கு அந்தப் பெண்ணுக்குக் கும்பிடு போட வேண்டும். ஆயிரம் குழந்தைகள் பிறந்தால் ஏறக்குறைய எட்டுக் குழந்தைகளுக்கு இதயத்தில் ஏதாவது பிறவிக் கோளாறு இருக்கும். அப்படிப்பட்டவர்களில் நூற்றுக்கு ஒருவருக்குக்கூட இது வருவதில்லை. வருகிறவர்களிலும் பெரும்பாலோருக்கு ஓட்டை, வால்வு சுருக்கம் என்று கூடவே வேறு ஏதாவது இருக்கும். சின்ன வயசிலேயே மாட்டிக்கொள்வார்கள். எனக்கு எதுவும் இல்லை. அதனால்தான் 61 வருஷம் ஒளிந்துகொண்டிருந்தது.

"எப்படிம்மா கண்டுபிடிச்சே?" என்று அந்தப் பெண்ணிடம் பிற்பாடு கேட்டேன்.

"நார்மலா வலது பக்க வால்வுதான் சார் கொஞ்சம் கீழே இறங்கி இருக்கும். உங்களுக்கு இடது பக்கம் இறங்கி இருந்தது. வால்வு எப்பவும் அதோட அறையை விட்டுப் போகாது சார். அப்ப அறையே மாறியிருக்கணும் இல்லையா? அப்புறம் பார்த்தா, அந்த அறைக்குக் குறுக்கே ஒரு சதைப் பாலம். அது வலது கீழறையோட அடையாளம். மேலே போனா, ஒண்ணை ஒண்ணு குறுக்கே கடக்க வேண்டிய ரெண்டு குழாயும் தண்டவாளம் மாதிரி பக்கத்துல பக்கத்துல போகுது."

2013-ல் பார்த்தவர் கண்ணிலும் இதெல்லாம் பட்டிருக்கும். ஆனால் ஈ.சி.ஜி. 'அட்டாக்' என்று சொல்லிவிட்டது. எக்கோவில் அட்டாக்கைத் தேடினார்கள், அட்டாக் கிடைத்தது. அவரை ரொம்பவும் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை. இந்தக் கோளாறில் இதயத்தின் நடுச்சுவரில் கரண்ட் பாய்கிற திசையே தலைகீழ், அதனால் ஈ.சி.ஜி.யில் அச்சு அசலாகப் பழைய அட்டாக் மாதிரி வேஷம் போடும். ஆனாலும் ஆஞ்சியோகிராமில் அடைப்பு இல்லை என்றதும் யாராவது ஒருவர் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்திருக்கலாம். நானும்தான் கேட்டிருக்கலாம். பால்காரர் பாஸ் புக்கோடு வந்தாரே, எனக்கு அந்தத் தைரியம்கூட இல்லை.

வெள்ளிக்கிழமை பேஸ்மேக்கர் தள்ளிப்போயிற்று. வழக்கமாக அந்த ஒயரை ரத்தக்குழாய் வழியாக வலது பக்கக் கீழறைக்குள் விடுவார்கள். அங்கே சாதுவின் சுவர் கரடுமுரடு. ஒயர் மாட்டிக்கொண்டு நிற்கும். எனக்கு அந்தப் பக்கம் இருப்பதோ பயில்வான். அவர் சுவர் வழவழ. கொக்கி மாட்டுகிற ஒயர் வழுக்கிவிடலாம். திருகாணி ஒயர்தான் வேண்டும். அதுகூடப் பெரிசில்லை. பயில்வானை மட்டும் பேஸ்மேக்கர் தட்டித் தட்டி எழுப்பினால், எதிர்ப்பக்கம் ஏற்கெனவே தன் சக்திக்கு மீறி 61 வருஷமாக மூட்டை தூக்கிக்கொண்டிருக்கிற சாது தாளம் தப்பி, சீக்கிரமே சோர்ந்துவிடலாம். "நல்ல வேளை, வெள்ளிக்கிழமைக்கு முன்னாடி தெரிஞ்சது" என்றார் பெரிய டாக்டர். எனக்கு அப்போதுதான் கை லேசாக நடுங்கியது.

கரண்ட் அறுந்ததற்கும் இதுதான் காரணமாம். அறைகள் மாறியதால் கரண்ட் கம்பி நேர் வழியில் போக முடியாமல் சுற்றி வளைத்துப் போகிறது. நீளமான, மெல்லிசான கம்பி. இந்தக் கோளாறு இருப்பவர்களில் வருஷத்துக்கு நூற்றுக்கு இரண்டு பேருக்கு இது அறுந்துபோகும் என்று கணக்கு இருக்கிறது.

முதலில் எம்.ஆர்.ஐ. என்றார்கள். பேஸ்மேக்கர் வைத்த பிறகு எடுத்தால் அந்தப் பெட்டியின் நிழல் விழுந்து படம் கெடும், அதனால் இப்போதே. உலோகம் எதுவும் உடம்பில் இருக்கக் கூடாது. மோதிரம், வாட்ச், பெல்ட் எல்லாம் கொடுத்தேன். "வேற?" என்றான் அந்தப் பையன். கொஞ்ச நேரம் தயங்கிவிட்டு, இடுப்பிலிருந்த வெள்ளி அரைஞாணை அவிழ்த்துக் கொடுத்தேன். 61 வயசு ரிட்டயர்டு பேங்க் ஆபீசர்! அவன் சிரிக்காமல் வாங்கி ரசீது போட்டுக் கொடுத்தான். நல்ல பையன்.

எம்.ஆர்.ஐ. குழாய்க்குள் படுத்தால் நாலு பக்கமும் ஆணி அடிக்கிற சத்தம். இதயம் ஒரு நொடி சும்மா நிற்காத ஆசாமி. அவரைப் போட்டோ எடுப்பது, ஓடிப் பிடித்து விளையாடுகிற குழந்தையைக் குரூப் போட்டோவுக்கு நிறுத்துவது மாதிரி. ஈ.சி.ஜி. தாளத்துக்கு ஏற்ப ஒவ்வொரு துடிப்பிலும் கொஞ்சம் கொஞ்சமாகப் படத்தைச் சேர்ப்பார்களாம். அதுவரை நாம் மூச்சை அடக்க வேண்டும். மற்றவர்களுக்குச் சட்டென்று முடிந்துவிடும். எனக்கு நாடி 41. ஒரு துடிப்புக்கும் அடுத்த துடிப்புக்கும் நடுவில் காப்பி போட்டு ஆற்றிவிடலாம். "மூச்சை இழுங்க... விடுங்க... அப்படியே நிறுத்துங்க" என்று காதில் ஒரு குரல். நிறுத்தினேன், நிறுத்தினேன், நிறுத்திக்கொண்டே இருந்தேன். முக்கால் மணி நேரம். நடுவில் கையில் ஒரு மருந்தை ஏற்றினார்கள். இதயத்தில் எங்காவது தழும்பு இருந்தால் அந்த மருந்து அங்கே தங்கி வெள்ளையாகத் தெரியும். அட்டாக் வந்த இடத்தில் தழும்பு இருந்தே தீர வேண்டும்.

படம் சென்னைக்குப் போய், அங்கே இதற்கென்றே இருக்கிற ஒரு டாக்டர் பார்த்து, மறுநாள் சாயங்காலம் பதில் வந்தது. பெரிய டாக்டர் கட்டிலுக்கு வந்து வாசித்துக் காட்டினார். அறைகள் மாறியிருப்பது உறுதி. குழாய்கள் மாறியிருப்பது உறுதி. சாதுவின் பக்கத்து வால்வில் லேசான ஒழுகல். சாது இன்னும் தெம்பாகத்தான் இருக்கிறார். அப்புறம் கடைசி வரி.

"தழும்பு எதுவும் இல்லை. உங்களுக்கு அட்டாக் வந்ததே இல்லை சார்."

நான் ஏதோ தமாஷ் சொல்ல வாயைத் திறந்தேன். ஒன்றும் வரவில்லை. திரும்பிப் பார்த்தால் சகதர்மிணி மஞ்சள் பையை மடித்து, மறுபடி பிரித்து, மறுபடி மடித்துக்கொண்டிருந்தாள். "அப்ப ஒன்பது வருஷம்?" என்றாள். டாக்டரிடம் கேட்டாளா, என்னிடம் கேட்டாளா தெரியவில்லை. யாரும் பதில் சொல்லவில்லை.

செப்டம்பர் முதல் வாரம், இரண்டு கீழறைகளையும் ஒரே தாளத்தில் தட்டுகிற மாதிரி பேஸ்மேக்கர் வைத்தார்கள். மரத்துப்போக ஊசி போட்டுத்தான், ஆளை மயக்கவில்லை. தோள்பட்டைக்குக் கீழே தீப்பெட்டி மாதிரி ஒரு மேடு. நாலு மாத்திரையில் இரண்டு குறைந்தன. விலையைப் பற்றி எழுதினால் இந்தக் கட்டுரை நகைச்சுவைப் பகுதியிலிருந்து வேறு பகுதிக்குப் போய்விடும்.

அம்மாவிடம் சொல்லத்தான் பயமாக இருந்தது. அம்மாவுக்கு 84. தம்பி வீட்டில், லால்குடியில் இருக்கிறாள். ஒரு மாசம் கழித்துப் போனேன். காது கொஞ்சம் மந்தம். பக்கத்தில் உட்கார்ந்து உரக்கச் சொன்னேன். பிறவியிலேயே என்ற வார்த்தையைச் சொன்னதும் முகம் மாறிவிட்டது.

"வயித்துல இருந்தப்பவேயா?"

"ஆமாம்மா."

வெகு நேரம் பேசவில்லை. அப்புறம் மெல்ல, "குடத்தோட வாய்க்கால் படியில வழுக்கி விழுந்தேன். அதுவாப்பா?" என்றாள்.

"இல்லம்மா."

"உங்க பாட்டி வேணாம் வேணாம்னு சொல்லியும் பப்பாளிப் பழம் தின்னேன். ஒரே ஒரு துண்டு. அதுவா?"

61 வருஷத்துக்கு முந்தின ஒரு துண்டுப் பப்பாளி! எனக்குத் தொண்டையை அடைத்தது. டாக்டர் சொன்னதைச் சொன்னேன். கருவில் இதயம் முதலில் ஒரு நேர்க் குழாய். உண்டாகி மூன்று வாரம் தாண்டியதும் அது வலது பக்கமாக வளையும். எனக்கு இடது பக்கமாக வளைந்துவிட்டது. ஏன் என்று யாராலும் சொல்ல முடியாது. "அப்ப உனக்கு நாள் தள்ளிப் போயிருக்கா இல்லையான்னே சந்தேகமா இருந்திருக்கும். நீ விழுந்ததும் பப்பாளி தின்னதும் அப்புறம்மா. எல்லாம் முன்னாடியே முடிஞ்சு போச்சு."

"நெசமாவா?"

"டாக்டர் படம் போட்டே காட்டினாரு."

அம்மா என் தோளில் அந்த மேட்டைத் தொட்டுப் பார்த்தாள். நெஞ்சில் உள்ளங்கையை வைத்தாள். கொஞ்ச நேரம் எண்ணுகிற மாதிரி உதடு அசைந்தது. பிறகு சமையல் கட்டைப் பார்த்துத் தம்பி பெண்டாட்டியிடம் சத்தம் போட்டாள்.

"இவனை எல்லாரும் சோம்பேறி சோம்பேறின்னீங்களேடி!"

தம்பி பெண்டாட்டி அந்த வீட்டுக்கு வந்ததே 1994-ல். பாவம், அவளுக்கு ஒன்றும் புரியவில்லை.

ராத்திரி இரண்டு மணிக்கு இப்போதெல்லாம் யாரும் என் மூக்குக்கு நேராகக் கை வைப்பதில்லை. பேஸ்மேக்கர் இருக்கிற தைரியத்தில் சகதர்மிணி நிம்மதியாகக் குறட்டை விடுகிறாள். அந்தச் சத்தத்தில் எனக்குத் தூக்கம் போய்விட்டது, அது வேறு விஷயம். காடராக்ட் ஆபரேஷன் 2023 ஜனவரியில் முடிந்தது. மலைக்கோட்டைக்கு டாக்டரைக் கேட்டு, அங்கங்கே உட்கார்ந்து, ஒரு மணி நேரத்தில் ஏறினேன். பேத்தி எனக்கு முன்னாடியே போய் மேலே நின்றுகொண்டு, "தாத்தா, எருமைமாடு!" என்று கத்தியது. டிரில் மாஸ்டர் கதையை அதனிடம் சொன்னது என் தப்பு.

வருஷத்துக்கு ஒரு தடவை எக்கோ உண்டு. வால்வு ஒழுகல் கூடுகிறதா, சாது களைத்துப் போகிறாரா என்று பார்க்க வேண்டும். போன தடவை போனபோது அதே பெண்தான். இப்போது அவள் கீழே நாலு ஸ்டூடண்டுகள். "சார், இவங்களும் பார்க்கலாமா? இந்த மாதிரி கேஸ் கிடைக்காது சார்" என்றாள். தாராளமாக என்றேன். ஒருக்களித்துப் படுத்தேன். ஜில்லென்று பசை.

"நல்லா பாருங்க. எந்தப் பக்க வால்வு கீழே இறங்கியிருக்கு?"

நாலு பேரும் திரையையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஒரு பையனுக்கு நெற்றியில் வேர்த்துவிட்டது. பார்க்கப் பாவமாக இருந்தது. அவன் பக்கம் லேசாகத் தலையைத் திருப்பி, "இடது, இடது" என்றேன் மெல்ல.

"சார், நீங்க பேசாம படுங்க சார்!"